பேரும் கைக்காசும்

(சங்கத்தின் ஆண்டு விழாவில் நிகழ்த்திய சொற்பொழிவு)



இந்த விழாவிலே "பரிசும் பழக்கமும்" என்ற பொருள் பற்றிப் பேசவேண்டும் என்று நமது செயலாளர் கேட்டுக்கொண்டபோது, ஒழுக்க போதனையாக நாலு வார்த்தை சொல்லிவிட்டு இறங்கிவிடலாம் என்றுதான் முதலில் எண்ணினோம். பிறகு யோசித்துப் பார்க்கையில், பல்கலைக்கழகத்தில் உளநூல் வகுப்பிலே நாம் படித்த ஒரு விஷயம், நாம் பிறந்து வளர்ந்த தோட்டத்துக் கொழுந்து மடுவத்திலே நாள்தோறும் நடந்துவருவதுதான் என்று தோன்றியது. ஆதலின், இன்று உபதேசம் எதுவும் செய்யப்போவதில்லை. அமெரிக்க நாட்டு ஆசிரியர் ஒருவரின் ஆராய்ச்சிப் பெட்டியையும் நமது மடுவத்துத் தராசையும் அடுத்தடுத்து வைத்துப் பார்க்கப்போகிறோம். பொறுமையுடன் கேட்கவேண்டும்.

தராசை முதலில் எடுத்துக்கொள்வோம். இங்கே அமர்ந்திருப்பவர்களுக்குப் பேர் என்றால் என்னவென்று சொல்லித்தர வேண்டியதில்லை. ஆயினும், நமது மலர் கொழும்பிலும் யாழ்ப்பாணத்திலும் சிலர் கைக்குப் போய்ச் சேர்கிறது, அவர்களுக்காகச் சொல்கிறோம். ஒரு நாளைக்கு இத்தனை கிலோ கொழுந்து பறிக்கவேண்டும் என்று தோட்டம் ஒரு நிறையை வகுத்துவைத்திருக்கிறது. தோட்டத்துக்குத் தோட்டம், பருவத்துக்குப் பருவம் அது மாறும். 16 கிலோ என்பார்கள், 18 என்பார்கள், சில இடங்களில் 20 என்றும் சொல்லக் கேட்டிருக்கிறோம். அந்த நிறையை எட்டினால் ஒரு பேர். அதாவது முழு நாட் சம்பளம். எட்டாவிட்டால் அரைப்பேர். அந்த நிறைக்கு மேலே பறிக்கும் ஒவ்வொரு கிலோவுக்கும் தனியாக ஒரு தொகை உண்டு. அதற்குப் பெயர் கைக்காசு. காலையில் பெரட்டுக்களத்தில் பெயர் கொடுத்து, மலைக்கு ஏறி, பகலிலும் மாலையிலும் கூடையைச் சுமந்துவந்து தராசில் வைத்து, கணக்கப்பிள்ளை சொல்லும் எண்ணைக் காது கொடுத்துக் கேட்கிற தாய்மார்களின் முகத்தைக் கவனித்திருக்கிறீர்களா? அந்த ஒரு நிமிஷத்தைப் பற்றியதுதான் நமது இன்றைய பேச்சு.

இனிப் பெட்டிக்கு வருவோம். 1898ஆம் ஆண்டிலே தோண்டைக் என்ற அமெரிக்க அறிஞர், பசித்த பூனைகளைக் கூண்டிலே அடைத்து, உள்ளேயிருக்கும் ஒரு தாழ்ப்பாளைத் தட்டினால் கதவு திறந்து வெளியே உள்ள உணவு கிடைக்கும்படி செய்துவைத்தார். பூனை முதலில் பிறாண்டும், கடிக்கும், கத்தும். தற்செயலாக ஒரு தடவை தாழ்ப்பாளில் கால் படும், கதவு திறக்கும். மறுபடி மறுபடி அடைத்தபோது வீண் வேலைகள் குறைந்து, தாழ்ப்பாளைத் தட்டுகிற வேலை மட்டும் விரைவாக வந்தது. நல்ல விளைவைத் தந்த செயல் நிலைக்கிறது, தராத செயல் உதிர்கிறது என்று அவர் கண்டார். அவருக்குப் பின் வந்தவர் ஸ்கின்னர். 1904இல் பிறந்து 1990இல் காலமானவர். இவர் ஒரு பெட்டி செய்தார். அதற்குள் ஓர் எலி. சுவரிலே ஒரு சிறு நெம்பு. நெம்பை எலி அழுத்தினால் ஓர் உணவு உருண்டை விழும். எத்தனை தரம் அழுத்துகிறது, எவ்வளவு விரைவாக அழுத்துகிறது என்பதைக் கருவி ஒன்று தானாகவே கடதாசியில் கோடாக வரைந்துகொண்டே போகும். 1938இல் அவர் எழுதிய முதல் நூல் இந்தக் கோடுகளால் நிறைந்தது. செயலுக்குப் பின்னே வந்து, அந்தச் செயல் மீண்டும் நிகழும்படி அதனைப் பலப்படுத்துகிற எதுவும் வலுவூட்டல் எனப்படும். நமது கல்லூரி ஆசிரியர்கள் மீளவலியுறுத்தல் என்றும் சொல்வார்கள். இவ்விதம் செயலும் விளைவும் பிணைந்து பழக்கம் உருவாவதைத் தொழிற்பாட்டு நிபந்தனைப்படுத்தல் என்று பாடநூல் கூறும். பெயர் நீளமாயிருப்பதைக் கண்டு அஞ்சவேண்டாம், விஷயம் சிறியது.

இதிலே ஒரு வேடிக்கையும் உண்டு. அக்காலத்தில் ஸ்கின்னர் எலிகளுக்கான உணவு உருண்டைகளைத் தம் கையாலேயே செய்துவந்தார். ஒரு சனிக்கிழமை மாலை கையிருப்பைப் பார்த்தால், திங்கட்கிழமை வரை தாங்காது போலிருந்தது. வார இறுதியிலே உட்கார்ந்து உருண்டை பிடிக்க யாருக்குத்தான் மனம் வரும்! ஒவ்வொரு தடவை நெம்பை அழுத்தும்போதும் கொடுக்காமல், நிமிஷத்துக்கு ஒரு தடவை மட்டும் கொடுத்தால் என்ன என்று எண்ணி அப்படியே செய்தார். எலி சோர்ந்துபோய்விடவில்லை, நிதானமான ஒரு வேகத்தில் அழுத்திக்கொண்டேயிருந்தது. இதுபோலவே, உணவு விழும் கருவி ஒருநாள் இறுகிக்கொண்டு, உணவு வராமலே நின்றபோது, எலியின் முயற்சி முதலில் மும்முரமாகிப் பின்னர் மெல்ல மெல்ல அணைந்துபோகிற கோட்டை அவர் முதன்முதலாகக் கண்டார். பஞ்சத்தாலும் பழுதாலும் வந்த கண்டுபிடிப்புகள் இவை. 1957இல் பெர்ஸ்டர் என்பவருடன் சேர்ந்து, பரிசை எந்த முறையில் கொடுத்தால் எந்த விதமான பழக்கம் உண்டாகிறது என்பதைப் பற்றி ஒரு பெரிய நூலே வெளியிட்டார்.

அந்த முறைகளைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறோம். இத்தனை தடவை செய்தால் ஒரு பரிசு என்று எண்ணிக் கொடுப்பது ஒன்று. பறவை மளமளவென்று கொத்தும், பரிசு வந்தவுடன் சற்றே ஓய்ந்திருக்கும், பிறகு மறுபடி மளமளவென்று கொத்தும். குறித்த காலத்துக்கு ஒருமுறை கொடுப்பது இன்னொன்று. அதிலே காலம் நெருங்கும்போதுதான் சுறுசுறுப்பு வரும். பரீட்சைக்கு முந்திய வாரம் விடிய விடிய விளக்கெரிக்கும் மாணவர்களில் நாமும் ஒருவர் என்பதால் அதனை விரித்துரைக்க வெட்கமாயிருக்கிறது. எத்தனையாவது முயற்சியில் பரிசு வரும் என்று தெரியாதபடி மாற்றி மாற்றிக் கொடுப்பது வேறொன்று. பறவையை ஓயவிடாமல் கொத்தவைப்பது இதுதான். பரிசை நிறுத்திய பிறகும் நெடுநேரம் விடாது. சம்பளத்தன்று மாலை ஹட்டன் பஸ் நிலையத்தருகே லொத்தர் சீட்டு விற்பவரைச் சூழ்ந்து நிற்பவர்களை நினைத்துக்கொள்ளுங்கள். என்றோ ஒருநாள் விழுந்த நூறு ரூபா, பிந்திய எத்தனையோ சம்பளநாட்களை இழுத்துக்கொண்டு போகிறது. கைத்தொலைபேசியை ஐந்து நிமிஷத்துக்கொருதரம் எடுத்துப் பார்க்கும் நம் வாலிபர் கூட்டமும் இதே வலையில் அகப்பட்டதுதான். பெரியவர்கள் மட்டும் சிரிக்கவேண்டாம்.

இப்போது மடுவத்துக்குத் திரும்புவோம்.

தராசு எதனைப் பார்க்கிறது? நிறையைப் பார்க்கிறது. தொழிற்சாலையோ ஒரு மொட்டும் இரண்டு இலையுமாகக் கொழுந்து வேண்டும் என்கிறது. நுவரெலியாவிலும் டிக்கோயாவிலும் விளையும் மலைநாட்டுத் தேயிலையின் பெயரே அந்த இளந்தளிரைப் பற்றிக்கொண்டுதான் உலகச் சந்தையில் நிற்கிறது. கங்காணி மலையில் நின்று, "முற்றல் இலை போடாதே" என்று சத்தம் போடுகிறார். ஆனால் மாலையிலே பேரைக் கொடுப்பது கங்காணியின் வாய் அன்று, தராசின் முள். வறட்சிக் காலத்திலே, பகல் நிறுவையில் ஆறு கிலோ மட்டும் கண்ட ஒரு தாய் என்ன செய்வாள்? பதினெட்டை எட்டவேண்டும், எட்டாவிட்டால் அரைப்பேர். பதினேழரைக் கிலோ பறித்தவளுக்கும் ஒன்பது கிலோ பறித்தவளுக்கும் ஒரே அரைப்பேர் என்றால், அந்தக் கடைசி அரைக்கிலோவுக்கு இருக்கும் விலை வேறெந்தக் கிலோவுக்கும் இல்லை. கை தானாகவே முற்றல் இலைக்கும் காம்புக்கும் போகிறது. "இந்தக் காலத்துப் பெண்களுக்குப் பொறுப்பில்லை" என்று அதற்கு விளக்கம் சொல்கிறார்கள். பெண்களுடைய மனத்தை ஆராய்வதற்கு முன்னால் தராசை ஆராயவேண்டும் என்கிறார் ஸ்கின்னர். அவருடைய வாதத்தின் உயிரே இதுதான்: உயிரினத்தின்மேல் குறை சொல்லாதே, எந்தச் செயலுக்குப் பின்னே எந்த விளைவு வருகிறது என்று பார்.

இன்னொன்றும் உண்டு. ஈரத்துக்கென்றும் கூடைக்கென்றும் நிறையில் கழிப்பது தோட்டங்களில் வழக்கம். கழிப்பதற்கு நியாயம் இருக்கலாம். மழையிலே நனைந்த கொழுந்து தண்ணீரையும் சேர்த்துத்தான் நிறுக்கும். ஆனால் கழிவு இன்று இரண்டு, நாளை மூன்று என்று சொல்லாமலே மாறுமானால், தன் கையின் வேகத்துக்கும் தராசின் எண்ணுக்கும் உள்ள தொடர்பு அவள் கண்ணுக்கு மறைந்துவிடுகிறது. தொடர்பு மறைந்த இடத்தில் வலுவூட்டல் வேலை செய்யாது. ஒரு கிலோ கூடுதலாகப் பறித்தேன், ஒரு கிலோ கூடுதலாக எழுதினார்கள் என்பது தெளிவாகத் தெரிந்தால்தான் கைக்காசு என்பதற்கே பொருளுண்டு.

நிறையை உயர்த்துவது பற்றியும் ஒரு வார்த்தை. பத்துத் தடவை கொத்தினால் ஒரு தானியம் என்று பழகிய புறாவை மெல்ல மெல்ல இருபதுக்கும் ஐம்பதுக்கும் கொண்டுபோகலாம். திடீரென்று நீட்டினாலோ, தாங்கமுடியாத அளவுக்கு நீட்டினாலோ, புறா கொத்துவதையே நிறுத்திவிடும். 2021ஆம் ஆண்டு சம்பள நிர்ணய சபையின் வழியாக நாட் சம்பளம் 1000 ரூபாவான பிறகு, பறிக்கவேண்டிய நிறையைக் கூட்டிவிட்டார்கள் என்று பல தோட்டங்களில் தகராறும் வேலைநிறுத்தமும் எழுந்ததை நாம் எல்லாரும் அறிவோம். அதிலே யார் பக்கம் எவ்வளவு நியாயம் என்று தீர்ப்புச் சொல்ல இந்த மேடை இடமன்று. ஆனால் எட்டமுடியாத நிறை என்பது ஊக்கமாகாது. அது வெறும் அரைப்பேர்தான்.

இனி, வரவுக் காசு. இதுதான் இன்றைக்கு நமக்கு மிகவும் வேண்டிய விஷயம். கூட்டு ஒப்பந்தங்களின் காலத்தில் நாட் சம்பளம் என்பது ஒரே தொகையாக இருந்ததில்லை. 2013ஆம் ஆண்டு ஒப்பந்தப்படி அடிப்படைச் சம்பளம் 450 ரூபா, விலைப் பங்குக் கொடுப்பனவு 30, வரவுக் கொடுப்பனவு 140. ஆக மொத்தம் 620. வரவுக் கொடுப்பனவு எல்லாருக்கும் கிடைக்காது. வேலை கொடுக்கப்பட்ட நாட்களில் நூற்றுக்கு 75 நாட்கள் வந்திருக்கவேண்டும். ஒரு மாதத்தில் 24 நாள் வேலை கொடுத்தார்கள் என்று வைத்துக்கொள்ளுங்கள். 18 நாள் வந்தவளுக்கு நாளுக்கு 140 வீதம் 2520 ரூபா. 17 நாள் வந்தவளுக்கு? ஒரு சதமும் இல்லை.

பிள்ளைக்குக் காய்ச்சல் என்று மாதத்தின் முதல் வாரத்திலே ஏழு நாள் நின்றுவிட்ட ஒருத்தியை எண்ணிப் பாருங்கள். எட்டாம் நாள் காலையிலே பெரட்டுக்குப் போகிறாள். அந்த மாதம் முழுதும் அவள் ஒரு நாள்கூடத் தவறாமல் வந்தாலும் பதினேழுதான். வரவுக் காசு அவளைப் பொறுத்தவரை அன்றைக்கே செத்துப்போயிற்று. அவளை வேலைக்கு இழுப்பதற்கென்று வைத்த காசு, இழுக்கவேண்டிய அதே நாட்களில் அவளை இழுப்பதில்லை. சுகதேகியாய், உதவிக்கு மாமியாரும் இருக்கிற வேறொருத்தி, காசு இல்லாவிட்டாலும் வந்திருப்பாள். அவளுக்குத்தான் அது கிடைக்கிறது. பரிசு தேவையானவருக்குப் பரிசு எட்டாது, எட்டுகிறவருக்குப் பரிசு தேவையில்லை. இதைக் கண்டுபிடிக்க எலியும் பெட்டியும் வேண்டியதில்லைதான். ஆனால் எலியையும் பெட்டியையும் படித்த பிறகே நமக்கு இது கண்ணில் பட்டது என்பதை ஒப்புக்கொள்கிறோம்.

2016இல் 730 ரூபாவாக உயர்ந்தபோது, வரவுக்கு 60, நிறையை எட்டினால் 140 என்று பிரித்தார்கள். 2019இல் அடிப்படை 700, விலைப் பங்கு 50 என்று வைத்து, அந்த இரண்டு ஊக்கத் தொகைகளையும் எடுத்துவிட்டார்கள். 2021இல் 1000, 2024 செப்டெம்பரில் 1350. பின்னர் 2025 நவம்பரிலே பாராளுமன்றத்தில் சமர்ப்பிக்கப்பட்ட, 2026ஆம் ஆண்டுக்கான வரவு செலவுத் திட்டத்தில், சம்பளத்தை 1550 ஆக்கி, அதன்மேல் நாளொன்றுக்கு 200 ரூபா வரவுக் கொடுப்பனவை அரசாங்கமே தருவதாக முன்மொழிந்தார்கள். வரவுக் காசு மறுபடி நம் மலைக்கு ஏறி வந்திருக்கிறது. ஆதலால் நம் சங்கத்து வாலிபர்களைக் கேட்டுக்கொள்வது இது: தொகை எவ்வளவு என்று மட்டும் கேட்டுவிட்டு நின்றுவிடாதீர்கள். எந்த நிபந்தனையில் கிடைக்கிறது, எந்த நாளில் கைக்கு வருகிறது, ஒரு நாள் தவறினால் என்ன ஆகிறது என்றும் கேளுங்கள். வந்த அன்றைய நாளுக்கு அன்றே உரியதாகிற 200 ரூபாவும், மாதக் கடைசியில் ஒரு நாள் குறைந்தால் மொத்தமும் போய்விடுகிற 200 ரூபாவும் எழுத்தில் ஒரே தொகை. மனிதர்மேல் செய்யும் வேலையில் ஒன்றல்ல.

இந்த வரவுக் காசு ஒன்றும் புதிதன்று. நம் பாட்டன் பூட்டன் காலத்திலே கங்காணிக்குத் தலைக்காசு என்று ஒன்று இருந்தது. அவருடைய ஆட்களில் எத்தனை பேர் காலையில் வேலைக்கு இறங்குகிறார்களோ, தலைக்கு இத்தனை சதம் என்று அவருக்குக் கிடைக்கும். வேலைக்குப் போகிறவன் ஒருவன், வலுவூட்டல் பெறுகிறவர் இன்னொருவர்! அதனாலே பலப்பட்ட செயல் எது? ஆளின் உழைப்பு அன்று. விடியற்காலையில் லயத்துக் கதவைத் தட்டி, காய்ச்சற்காரனையும் போர்வையை உருவி எழுப்பிவிடுகிற கங்காணியின் செயல்தான். அவரைக் கொடியவர் என்று மட்டும் சொல்லிப் பழகிவிட்டோம். கொடியவரும் இருந்திருப்பார்கள். ஆனால் சாதுவான ஒருவரை அந்தச் சதங்களின் முன்னே நிறுத்தியிருந்தாலும் சில வருஷங்களில் அவர் என்ன ஆகியிருப்பார் என்பது யோசிக்கவேண்டிய கேள்வி.

உழைத்த கையும் பெற்ற கையும் வேறாகிப்போவது தலைக்காசோடு முடிந்துவிடவில்லை. தாய்மார்கள் முன்னிலையில் இதைச் சொல்லாமல் விடமுடியாது. ஆணுக்கும் பெண்ணுக்கும் சம நாட் சம்பளம் என்பது நம் தோட்டங்களில் 1984ஆம் ஆண்டிலேதான் வந்தது. வந்த பின்னும், மனைவியின் சம்பளத்தைக் கணவனும், மகளின் சம்பளத்தைத் தகப்பனும் வாங்கிக்கொண்டு போகிற வழக்கம் பல தோட்டங்களில் நெடுங்காலம் இருந்தது. அட்டை கடித்த காலோடு மலையில் நின்றவள் ஒருத்தி. சம்பள மேசையின் முன்னே கைநீட்டியவர் மற்றொருவர். அந்தக் காசு மேசையிலிருந்து நேரே வீட்டுக்கு வந்த குடும்பங்களும் உண்டு. வழியிலே சாராயத் தவறணையில் நின்றுவிட்டு வந்த குடும்பங்களும் உண்டு. ஸ்கின்னரின் கணக்குப்படி பார்த்தால், சம்பளநாளிலே பலப்பட்டது கொழுந்து பறிக்கிற செயலா, தவறணைக்குப் போகிற செயலா? இன்று பல பெண்கள் தம் சம்பளத்தைத் தாமே வாங்குகிறார்கள். வாங்கிய பிறகு அது யார் கையில் இருக்கிறது என்பதை அவரவர் வீட்டுக்குப் போய்க் கேட்டுக்கொள்வோம்.

"அடியாத மாடு படியாது" என்று நம் பெரியவர்கள் சொல்வார்கள். இதற்கும் ஸ்கின்னர் ஒரு சோதனை செய்து பார்த்தார். நெம்பை அழுத்தப் பழகிய எலிகளுக்கு உணவை நிறுத்தினார். அவற்றுள் ஒரு பகுதிக்கு, நிறுத்திய தொடக்கத்திலே, நெம்பை அழுத்தும் ஒவ்வொரு தடவையும் நெம்பு திருப்பி முன்னங்காலில் ஓர் அடி கொடுக்கும்படி செய்தார். அடி விழும்வரை எலி அடங்கியிருந்தது. அடி நின்ற பிறகு மீண்டும் அழுத்தத் தொடங்கி, முடிவிலே அடிபடாத எலிகளின் கணக்கையே அதுவும் எட்டிவிட்டது. அடி, செயலை அமுக்கி வைத்ததேயன்றி அழிக்கவில்லை. 1938இல் கண்டது இது. நம் மலைநாட்டுச் சரித்திரமும் இதைத்தான் சொல்கிறது. 1865ஆம் ஆண்டின் 11ஆம் இலக்கக் கட்டளைச் சட்டம், அறிவித்தல் இன்றித் தோட்டத்தை விட்டுப் போன தொழிலாளியைச் சிறைக்கு அனுப்ப இடம் கொடுத்தது. அதன் பிறகும் இரவோடிரவாக ஓடியவர்கள் ஓடிக்கொண்டேயிருந்தார்கள். கடனையும் ஆளையும் சேர்த்துக் கட்டிவைத்த துண்டு முறையை 1921இல் ஒழிக்கவேண்டியதாயிற்று.

இனி நமது வீட்டுக்கு, அதாவது நமது சங்கத்துக்கு வருகிறோம். நாம் படித்த மிஷன் பாடசாலையிலே, வசனம் ஒப்புவிக்கும் பிள்ளைகளுக்கு வர்ணப் படம் போட்ட சிறு கார்டுகள் கொடுப்பார்கள். ஐந்து கார்டு சேர்ந்தால் ஒரு பெரிய கார்டு. சைவப் பிள்ளைகளாகிய நாமும் போட்டி போட்டுக்கொண்டு மனனம் செய்தோம். அந்தக் கார்டுகள் இன்றும் ஒரு பிஸ்கட் பெட்டியில் இருக்கின்றன; வசனங்கள்தாம் இல்லை. அதே பாடசாலையில் ஓர் ஆசிரியை இருந்தார். கார்டு எதுவும் அவரிடம் கிடையாது. நாம் வாசித்து முடிக்கும் ஒவ்வொரு பக்கத்தின் ஓரத்திலும் பென்சிலால் ஒரு சிறு கோடு போட்டு, "ம், அடுத்தது" என்பார். வாசிக்கிற பழக்கம் நமக்கு அந்தக் கோட்டிலிருந்துதான் வந்தது. வாசித்த உடனே வந்தது; வாசித்ததற்காகவே வந்தது; அடுத்த பக்கத்தையும் திறந்துவிட்டது.

இங்கே பெரியவர்கள் ஒரு தடை சொல்வார்கள் என்பதை அறிவோம். ஒத்திகையின்போதே ஒருவர் கேட்டுவிட்டார்: "தம்பி, பயன் கருதாமல் கருமம் செய் என்று கீதையிலே கண்ணபிரான் சொல்லியிருக்க, நீர் ஒவ்வொரு கோட்டுக்கும் கூலி கேட்கிறீரே?" நல்ல கேள்வி. இரண்டு விதமாக விடை சொல்கிறோம். ஒன்று, பயன் கருதாமை என்பது ஒருவன் தன் உள்ளத்துக்குத் தானே இட்டுக்கொள்ளும் விரதம். கூலி கொடுக்கிறவன் கூலி வாங்குகிறவனைப் பார்த்துச் சொல்லுகிற வார்த்தை அன்று. அர்ச்சுனனுக்குச் சொன்னதைக் கொழுந்து மடுவத்தில் சொல்லக்கூடாது. மற்றொன்று, பெரியவர் சொன்னதிலே ஓர் உண்மை இருக்கிறது. அதை உளநூலாரே பிற்காலத்தில் கண்டார்கள். 1973இல் லெப்பர், கிரீன், நிஸ்பெற் என்ற மூவர், படம் வரைவதில் ஏற்கெனவே ஆசையுள்ள சிறு பிள்ளைகளை எடுத்துக்கொண்டார்கள். ஒரு பகுதியினரிடம், வரைந்தால் நாடா கட்டிய நற்சான்றுப் பத்திரம் தருவோம் என்று முன்கூட்டியே சொல்லி, அப்படியே கொடுத்தார்கள். இன்னொரு பகுதியினருக்குச் சொல்லாமல் கொடுத்தார்கள். மூன்றாம் பகுதியினருக்கு ஒன்றும் இல்லை. ஓரிரு வாரம் சென்று பார்த்தபோது, முன்கூட்டியே பேரம் பேசப்பட்ட பிள்ளைகள் மற்றவர்கள் வரைந்த நேரத்தில் ஏறத்தாழப் பாதி நேரமே தாமாக வரைந்தார்கள். ஆசை இருந்த இடத்தில் பேரத்தைப் புகுத்தினால் ஆசை கூலியாகிவிடுகிறது. ஸ்கின்னரின் பெட்டியிலே இது தெரியவில்லை. பசித்த எலிக்கு நெம்பின்மேல் முதலில் ஆசையேது?

மார்கழி மாதத்து விடியற்காலைப் பஜனையை எண்ணிப் பாருங்கள். பனி கொட்டுகிற நாலு மணிக்குப் போர்வையைப் போர்த்துக்கொண்டு நம் சிறுவர்கள் லயத்துக்கு லயம் பாடிக்கொண்டு வருகிறார்கள். முதல் நாள் சுண்டலுக்காகத்தான் வந்தார்கள். அதை மறைப்பானேன், நாமும் அப்படித்தான் வந்தோம். பத்தாம் நாள் சுண்டல் தீர்ந்துபோனாலும் வந்தார்கள். சிலருக்குப் பாட்டே சுண்டலாகிவிட்டது, சிலர் நின்றுவிட்டார்கள். எவரும் அவர்களிடம், இத்தனை பாட்டுக்கு இத்தனை சுண்டல் என்று பேரம் பேசியதில்லை என்பதைக் கவனியுங்கள்.

ஆனால் நமது இரவுப் பாடசாலையில் என்ன செய்கிறோம்? தை மாதத்தில் முண்டியடித்துக்கொண்டு வரும் பிள்ளைகள் ஆடி மாதத்தில் பாதியாகிவிடுகிறார்கள். ஆண்டு முடிவில் முதலாவதாக வந்த ஒரு பிள்ளைக்கு ஒரு வெள்ளிக் கிண்ணம். அந்தப் பிள்ளை யார் என்பது பங்குனி மாதமே மற்ற எல்லாப் பிள்ளைகளுக்கும் தெரிந்துவிடுகிறது. அன்றிலிருந்து கிண்ணம் அவர்களுக்கு, ஏழு நாள் நின்றுவிட்ட அந்தத் தாயின் வரவுக் காசு போலத்தான். தாயும் தகப்பனும் மலையிலிருந்து களைத்து வந்து, மண்ணெண்ணெயோ மின்சாரமோ ஏதோ ஒரு வெளிச்சத்தில், "படிக்கப் போடா" என்று அடித்து அனுப்புகிறார்கள். அடிக்குத் தப்ப வருகிற பிள்ளை அடிக்கிறவர் இல்லாத இடத்தில் நின்றுவிடுகிறது. பதினைந்து வயதில் கொழும்புக் கடைக்குப் பஸ் ஏறுகிற பையன்களில் எத்தனை பேர் நம் வாங்கிலே உட்கார்ந்து, ஒருநாளும் ஒரு பென்சிற் கோட்டைக் காணாமல் எழுந்துபோனவர்கள் என்று நம் வரவு இடாப்பைப் புரட்டிப் பார்த்தால் தெரியும். நாம் புரட்டிப் பார்த்தோம். சில பெயர்களுக்கு எதிரே மாதக்கணக்காய் ஒரு குறியும் இல்லை. எவரும் போய்க் கேட்கவும் இல்லை.

ஆதலின், வருகிற செயற்குழுக் கூட்டத்திலே ஒரு பிரேரணை கொண்டுவருகிறோம். வெள்ளிக் கிண்ணத்துக்கு ஒதுக்கிய பணத்தில், பிள்ளைக்கு ஒரு கொப்பி வாங்குவது. ஒவ்வொரு நாளும் அந்தப் பிள்ளை நேற்றைவிட எதைக் கூடுதலாகச் செய்தது என்பதை, படிப்பிக்கிற வாலிபர் ஒரே ஒரு வரியில் அங்கேயே, அப்போதே எழுதி வாசித்துக் காட்டுவது. மற்றப் பிள்ளையோடு ஒப்பிடாமல், அதன் நேற்றோடு மட்டும் ஒப்பிடுவது. ஒரு வாரம் வராத பிள்ளையின் கொப்பியைக் கையிலெடுத்துக்கொண்டு லயத்துக்கே போய், விட்ட இடத்திலிருந்து தொடங்குவது, முதலிலிருந்து அல்ல. இதற்கு வாரத்தில் ஐந்து நாளும் இரண்டிரண்டு வாலிபர்கள் வேண்டும். நாம் விடுமுறையில் இருக்கும் மாதங்களில் திங்களும் வியாழனும் நமக்கு என்று எழுதிக்கொள்ளலாம். மற்ற நாட்களுக்குப் பெயர் கொடுக்க விரும்புகிறவர்கள், தேநீர் இடைவேளையில் செயலாளரிடம் கொடுக்கலாம். பிரேரணையை ஆமோதிக்க ஒருவர் வேண்டும். கீதையைப் பற்றிக் கேட்ட பெரியவரே ஆமோதித்தால் மிகவும் மகிழ்ச்சியடைவோம்.